பாவலர் பிரதர்ஸ்: பத்தாண்டு வாழ்ந்த ஒரு நாட்டுப்பாட்டுக் குழு



"மலருக்கு எல்லாரும் விடுதிச் சாப்பாட்டையும் ஆண்டு விழாவையும் பற்றித்தான் எழுதித் தாராங்க. நீங்க ஏதாவது வரலாறு எழுதுங்க அண்ணாச்சி" என்று மலர்க்குழுத் தம்பிகள் கேட்டுக்கொண்டார்கள். வரலாறு என்றால் ராஜாவும் கோட்டையும் சண்டையும் மட்டும்தானா? பாட்டுக்கும் வரலாறு உண்டு. பாடித் திரிந்தவர்களுக்கும் உண்டு. ஏறத்தாழ பத்தே ஆண்டுகள் ஊர் ஊராகப் பாடிவிட்டுக் கலைந்துபோன ஒரு குழுவின் கதை இது. பெயர் ‘பாவலர் பிரதர்ஸ்.’

இளையராஜாவைத் தெரியாத வீடு நம் தச்சநல்லூரில் மட்டுமல்ல, தமிழ்நாட்டிலேயே கிடையாது. கங்கை அமரனையும் எல்லாருக்கும் தெரியும். ஆனால் இவர்களை முதன்முதலில் மேடையேற்றிய மூத்த அண்ணன் பாவலர் வரதராஜனைப் பற்றிக் கேட்டால், "இளையராஜாவோட அண்ணன்தானே?" என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. ஒரு மனிதரை இன்னொருவரின் உறவாக மட்டும் நினைவில் வைப்பது அவருக்கு நாம் செய்யும் மரியாதையா? இதுதான் என் கேள்வி.

பண்ணைப்புரத்துச் சகோதரர்கள்

இன்றைய தேனி மாவட்டத்தில், மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் இருக்கும் ஊர் பண்ணைப்புரம். அன்று அது மதுரை மாவட்டம். மலைக்கு அந்தப் பக்கம் கேரளத்துத் தேயிலை, ஏலக்காய்த் தோட்டங்கள். இந்தப் பக்கம் கம்பம் பள்ளத்தாக்கின் வயல்கள். வேலைக்கு மலையேறுவதும் திருவிழாவுக்கு இறங்கி வருவதுமான வாழ்க்கை. தந்தையார் டேனியல் ராமசாமி. தாயார் சின்னத்தாயம்மாள், அவர் பாடிய தாலாட்டும் நடவுப்பாட்டும்தான் தன் முதல் பாடம் என்று இளையராஜா பல மேடைகளில் சொல்லியிருக்கிறார்.

மூத்தவர் வரதராஜன் பாட்டுக் கட்டுவார், மேடையில் பாடுவார். கம்யூனிஸ்ட் இயக்கத்தில் முழு மூச்சாக நின்றவர். மக்கள் அவரைப் ‘பாவலர்’ என்றே அழைத்தார்கள். தம்பிகள் ஆர்.டி. பாஸ்கர், ராஜையா, அமர்சிங். இந்த ராஜையாதான் 1943-ல் பிறந்த இளையராஜா. அமர்சிங்தான் கங்கை அமரன். ராஜையா அண்ணனோடு கச்சேரிக்குக் கிளம்பியபோது வயது பதினான்கு, பதினைந்துதான். குடும்பத்தில் வசதி இல்லை. வைகை அணை கட்டிய காலத்தில் அங்கே கூலி வேலைக்குப் போனதையும் அவரே மறைக்காமல் சொல்லியிருக்கிறார்.

அன்றைய அரசியல் கூட்டம் எப்படி நடக்கும் என்று இன்றைய மாணவர்களுக்குச் சொல்ல வேண்டும். தலைவர் ஏழு மணிக்கு வருவார் என்று நோட்டீஸ் போட்டிருக்கும். வந்து சேர இராத்திரி பத்து, பதினொன்று ஆகிவிடும். அதுவரை கூட்டத்தைக் கலையாமல் உட்கார வைப்பது யார்? பாட்டுக்காரர்கள்தான். ஓர் ஆர்மோனியம், ஒரு தபேலா அல்லது டோலக், ஒரு மைக் செட், நாலு குரல். இவ்வளவுதான் மூலதனம். தரையில் உட்கார்ந்திருக்கும் சனம் பாட்டு பிடித்தால் கை தட்டும். பிடிக்கவில்லை என்றால் எழுந்து டீக்கடைக்குப் போய்விடும். ஈவு இரக்கம் இல்லாத பரீட்சை அது! சில இடங்களில் பாவலர் கச்சேரிக்காகவே கூட்டம் கூடும், தலைவர் பேச்சு அதற்குப் பின்னால் வரும் என்ற நிலையும் இருந்தது.

தேவிகுளம், 1958

இந்தக் குழுவின் கதையில் மறக்கக் கூடாத ஓர் அத்தியாயம் தேவிகுளம் இடைத்தேர்தல். 1957-ல் கேரளத்தில் இ.எம்.எஸ். நம்பூதிரிபாட் தலைமையில் கம்யூனிஸ்ட் ஆட்சி வந்தது. 126 இடங்களில் கட்சிக்கு 60. ஆதரவு தந்த சுயேச்சைகள் 5 பேர். ஆக, நூலிழைப் பெரும்பான்மை. இந்த நிலையில் தேவிகுளத்தில் ரோசம்மா புன்னூஸ் பெற்ற வெற்றி, எதிர் வேட்பாளரின் மனுவைத் தவறாகத் தள்ளுபடி செய்தார்கள் என்ற காரணத்தால் செல்லாது என்று தீர்ப்பாகி, 1958 மே மாதம் இடைத்தேர்தல் வந்தது. ஒவ்வோர் இடமும் உயிர் போன்ற நேரம் அது.

அந்தத் தொகுதியின் தேயிலைத் தோட்டங்களில் வேலை பார்த்தவர்களில் பெரும்பாலோர் தமிழர்கள். நம் தென்மாவட்டங்களிலிருந்து மலையேறிப் போனவர்கள். மலையாளத்தில் பேசினால் அவர்கள் காதில் விழும், மனசில் விழாது. பாவலர் வரதராஜன் அங்கே போய்ப் பாடினார். அவர்கள் பேச்சிலேயே, அவர்களுக்குத் தெரிந்த மெட்டிலேயே பாடினார். ரோசம்மா புன்னூஸ் மறுபடியும் வென்றார். இந்த வெற்றியில் பாவலரின் பாட்டுக்குப் பெரும் பங்கு உண்டு என்று இ.எம்.எஸ். பாராட்டியதாகக் கட்சித் தோழர்கள் வழிவழியாகச் சொல்லி வருகிறார்கள். பாட்டு ஓட்டு வாங்குமா என்று கேட்பவர்களுக்கு இதைச் சொல்லலாம்.

அன்று காங்கிரஸ் கட்சியின் சின்னம் நுகத்தடி பூட்டிய இரட்டைக் காளை. அந்தக் காளைகளைக் கேலி செய்து பாவலர் கட்டிய பாட்டு அந்த நாளில் ஊர் ஊராகப் பரவியது. கட்சிப் பகையை வசவாகச் சொல்லாமல், வயற்காட்டில் ஒரு பெண் இன்னொரு பெண்ணிடம் சொல்லிச் சிரிப்பதுபோலச் சொன்னார். திட்டினால் திருப்பித் திட்டலாம். சிரித்துவிட்டால் என்ன செய்வது?

மெட்டு யாருடையது?

பாவலர் தெம்மாங்கு மெட்டையும் எடுப்பார். கும்மி, ஒப்பாரி, தாலாட்டு மெட்டையும் எடுப்பார். அந்த வாரம் டூரிங் டாக்கீஸில் ஓடுகிற சினிமாப் பாட்டு மெட்டையும் எடுப்பார். சொல் மட்டும் தன்னுடையது. "இது காப்பிதானே சார்?" என்று இன்றைய தம்பிகள் கேட்கலாம். கொஞ்சம் பொறுங்கள்.

இது நம் மண்ணில் பழைய வழக்கம். சங்கரன்கோவில் பக்கம் சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியார் கழுகுமலை முருகன்மீது காவடிச் சிந்து பாடினார். இளவயதிலேயே மறைந்துபோன அந்தக் கவிஞர் விட்டுச் சென்ற சிந்து மெட்டுகளை, எட்டயபுரத்தில் பிறந்து திருநெல்வேலி இந்துக் கல்லூரிப் பள்ளியில் படித்த பாரதியார் எடுத்துக்கொண்டு தேசத்துக்குப் பாட்டாக்கினார். பழைய பாட்டுப் புத்தகங்களில் தலைப்புக்குக் கீழே இன்ன பாட்டின் ‘வர்ணமெட்டு’ என்று அச்சிட்டிருப்பார்கள். மெட்டு ஊர்ப் பொதுக்கிணறு மாதிரி. யாரும் வாளி போடலாம். அள்ளிய தண்ணீரில் என்ன சமைக்கிறோம் என்பதுதான் அவரவர் திறமை.

அமெரிக்காவிலும் இதே கதை நடந்தது. அங்கே மலைநாட்டுக் குடியானவர் பாடிய பாட்டுக்குக் ‘கன்ட்ரி மியூசிக்’ என்று பெயர். 1927 ஆகஸ்டில் டென்னசி மாநிலத்து பிரிஸ்டல் நகரில் கார்ட்டர் குடும்பம் என்ற குழுவின் பாட்டை விக்டர் கம்பெனி இசைத்தட்டில் பதிவு செய்தது. அந்தக் குடும்பத்தின் மெட்டுகளை எடுத்து, ஏழை எளியவர்களுக்கான புதுச் சொல்லை ஏற்றிப் பாடினார் வுடி கத்ரி. அவரும் பீட் சீகரும் சேர்ந்திருந்த ‘அல்மனாக் சிங்கர்ஸ்’ குழு தொழிற்சங்கக் கூட்டங்களில் பாடியது. 1943-க்குள் கலைந்தும் போனது. நம் பாவலர் குழுவுக்கும் அவர்களுக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. இரண்டும் குறுகிய காலமே வாழ்ந்தன, இரண்டும் தெரிந்த மெட்டில் புதுச் சொல் வைத்தன. ஆனால் ஒரு பெரிய வித்தியாசம். அவர்கள் பாட்டு இசைத்தட்டில் ஏறிவிட்டது, இன்றும் கேட்கலாம். நம்மவர்கள் பாடியது இசைத்தட்டுக்காக அல்ல, எதிரே உட்கார்ந்திருந்த சனத்துக்காக. விடிந்ததும் அடுத்த ஊர்.

வானொலியையும் நம்ப முடியாது. அகில இந்திய வானொலி 1940-லிருந்தே ஆர்மோனியத்துக்குத் தடை போட்டிருந்தது. சுருதிக்கு ஒத்து வராத அந்நியக் கருவி என்பது காரணம். அந்தத் தடை 1970-களின் தொடக்கத்தில்தான் தளர்ந்தது. நம் திருநெல்வேலிக்கு வானொலி நிலையம் வந்ததே 1963-ல். ஆக, பண்டிதர்கள் தள்ளி வைத்த ஆர்மோனியம் அந்த முப்பது ஆண்டும் நாடக மேடையிலும் கட்சி மேடையிலும்தான் செல்லமாக வளர்ந்தது.

அண்ணன் நடத்திய பள்ளிக்கூடம்

குழுவில் ராஜையாவுக்கு முதலில் கிடைத்தது பெண் குரல் வேலை. பெண்கள் இரவில் ஊர் ஊராக வந்து மேடையேறிப் பாடுவது அரிதாக இருந்த காலம். மீசை முளைக்காத பையன்தான் பெண் குரல். கொஞ்ச நாளில் குரல் உடைந்தது. அந்த இடத்துக்குத் தம்பி அமர் வந்தார். ராஜையா ஆர்மோனியத்தின் பக்கம் நகர்ந்தார். அதற்கு முன் அண்ணன் ஆர்மோனியத்தைத் தொடவிட மாட்டார், தொட்டால் அடிதான். அண்ணன் இல்லாத நேரம் பார்த்துத் திருட்டுத்தனமாக வாசித்துப் பழகியதை இளையராஜா சிரித்துக்கொண்டே சொல்வார்.

இதை யோசித்துப் பாருங்கள். ஒரே வாரத்தில் ஒப்பாரி மெட்டு, எம்.எஸ். விஸ்வநாதன் மெட்டு, கும்மி மெட்டு எல்லாவற்றையும் காதால் கேட்டு, உடனே வாசித்து, அண்ணனின் புதுச் சொல்லுக்குத் தக்கபடி நீட்டி முடக்க வேண்டும். மைக் சரியில்லாத இடத்தில் எப்படிப் பாடுவது, தூங்கப் போகிற கூட்டத்தை எந்தத் தாளத்தில் எழுப்புவது, சிரிக்க வைத்த கையோடு எப்படி அழ வைப்பது? இந்தப் பாடத்தை எந்த இசைக் கல்லூரி நடத்துகிறது? பத்து வருஷம், நூற்றுக்கணக்கான இரவுகள். பட்டம் கொடுக்காத பல்கலைக்கழகம் அது.

1964 மே 27-ல் நேரு மறைந்தார். கவிஞர் கண்ணதாசன் இரங்கற்பா எழுதினார். அந்தக் கவிதைக்கு இளைஞர் ராஜையா சொந்தமாக மெட்டமைத்தார். இரவல் மெட்டில் சொல் வைக்கும் குழுவுக்குள்ளேயே, சொல்லுக்கு மெட்டு வைக்கும் ஒருவர் உருவாகிவிட்டார். குழுவின் கதையில் திருப்புமுனை இதுதான் என்பேன்.

அதே 1964-ல் கம்யூனிஸ்ட் கட்சி இரண்டானது. நேற்றுவரை ஒரே மேடையில் இருந்தவர்கள் எதிரெதிர் மேடைக்குப் போனார்கள். மறுபக்கம், தம்பிகளுக்குச் சென்னை ஆசை வந்துவிட்டது. சுகாதார ஆய்வாளராக வேலை பார்த்துக்கொண்டு நாடகம் போட்டுவந்த அல்லிநகரம் பாரதிராஜா அவர்களுக்கு நெருங்கிய நண்பர். அவர் முன்னால் போனார். 1960-களின் கடைசியில் பாஸ்கர், ராஜா, அமர் மூவரும் கிளம்பினார்கள். வழிச்செலவுக்குத் தாயார் வீட்டிலிருந்த ரேடியோவை நானூறு ரூபாய்க்கு விற்றுக் கொடுத்தார் என்பது ஊரறிந்த கதை. பாட்டுக் கேட்கிற பெட்டியை விற்றுப் பாட்டுப் போடுகிறவனை அனுப்பி வைத்தார் அந்தத் தாய்!

தம்பிகள் போன பிறகு குழு ஏது? சண்டை இல்லை, கடைசிக் கச்சேரி என்று அறிவிப்பு இல்லை, பாராட்டு விழா இல்லை. பாவலர் பிரதர்ஸ் அப்படியே கரைந்தது.

பிறகு நடந்தது

மிச்சக் கதை உங்களுக்கே தெரியும். சென்னையில் தன்ராஜ் மாஸ்டரிடம் பாடம். அவர்தான் ராஜையாவை ‘ராஜா’ ஆக்கினார். இசையமைப்பாளர் ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளர் வேலை. சலீல் சௌத்ரிக்குக் கிடார் வாசித்தார். இந்தச் சலீல் சௌத்ரியும் வங்காளத்தில் மக்கள் நாடக மன்ற மேடையில் உழவர்களுக்காகப் பாட்டுக் கட்டிவிட்டுச் சினிமாவுக்கு வந்தவர். ஒரே பள்ளிக்கூடத்தின் இரண்டு கிளையிலிருந்து வந்த பழைய மாணவர்கள் ஒரு ஸ்டுடியோவில் சந்தித்தது போல!

1976-ல் பஞ்சு அருணாசலம் ‘அன்னக்கிளி’க்கு வாய்ப்புக் கொடுத்து, ராஜாவுக்கு முன்னால் ‘இளைய’ என்று சேர்த்தார். அந்தப் படத்தின் பாட்டு ஏன் ஊரையே தூக்கியது என்று பெரிய ஆராய்ச்சி வேண்டாம். கம்பம் பள்ளத்தாக்கின் இராத்திரிக் கூட்டங்களில் பத்து வருஷம் சோதித்துப் பார்த்த சரக்கு அது. 2010-ல் பத்மபூஷண், 2018-ல் பத்மவிபூஷண், 2022-ல் மாநிலங்களவை, 2025 மார்ச் 8-ல் லண்டனில் ராயல் பில்ஹார்மானிக் இசைக்குழுவோடு ‘வேலியன்ட்’ சிம்பொனி. பெண் குரல் பாடிய பையன் எவ்வளவு தூரம் போயிருக்கிறார் பாருங்கள்.

தம்பிகள் அண்ணனை மறக்கவில்லை. ‘அலைகள் ஓய்வதில்லை’ (1981) எடுத்த சொந்தப் படக் கம்பெனிக்குப் ‘பாவலர் கிரியேஷன்ஸ்’ என்று பெயர் வைத்தார்கள். ஆனால் திரையில் அந்தப் பெயரைப் படித்த நம்மில் எத்தனை பேர் யார் இந்தப் பாவலர் என்று கேட்டோம்?

நம் பக்கத்துக் கணக்கு

இதை ஏன் நெல்லையில் உட்கார்ந்து எழுதுகிறேன் என்றால், பாவலர் குழு பாடிக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில் நம் ஊரில் ஒருவர் இன்னொரு வேலை செய்துகொண்டிருந்தார். நாங்குநேரியில் பிறந்து பாளையங்கோட்டையில் தனிப்பயிற்சிக் கல்லூரி நடத்திய பேராசிரியர் நா. வானமாமலை. நண்பர்களையும் மாணவர்களையும் கொண்டு கிராமம் கிராமமாகப் பாட்டுச் சேகரித்தார். ‘தமிழர் நாட்டுப் பாடல்கள்’ 1964-ல் புத்தகமாக வந்தது. 1967-ல் நெல்லை ஆய்வுக் குழு, பிறகு ‘ஆராய்ச்சி’ இதழ். முத்துப்பட்டன் கதையும் கட்டபொம்மன் கதைப்பாடலும் ஏட்டிலும் புலவர் வாயிலும் கிடந்து அழியாமல் நமக்குக் கிடைத்தது அவரைப் போன்றவர்களால்தான். 1980-ல் அவர் மறைந்தார். அவரும் பாவலரும் ஒரே இயக்கத்துக்காரர்கள். ஒருவர் பழைய மெட்டில் புதுச் சொல் போட்டு ஊருக்குத் திருப்பிக் கொடுத்தார். இன்னொருவர் பழைய சொல்லை எழுதி வைத்துப் பேரப்பிள்ளைகளுக்குக் கொடுத்தார். இரண்டு வேலையும் வேண்டும். எழுதி வைத்த பாட்டு நின்றது. பாடிவிட்டுப் போன பாட்டில் பெரும்பகுதி கேட்டவர்களோடு போய்விட்டது.

நம் தச்சநல்லூரையே எடுத்துக்கொள்ளுங்கள். இன்று மாநகராட்சியின் ஒரு மண்டலம். மதுரை ரோட்டில் கடை கடையாகப் பெருகிவிட்டது. ஆனாலும் கோயில் கொடை வந்துவிட்டால் வில்லுப்பாட்டு உண்டு. வில், உடுக்கு, குடம், தாளம், கட்டை என்று ஐந்தாறு பேர் உட்கார்ந்து விடிய விடியக் கதை சொல்கிறார்கள். நையாண்டி மேளத்தில் நாதசுரத்தோடு பம்பையும் சேர்ந்து அதிர்கிறது. நாம் என்ன செய்கிறோம்? கைப்பேசியில் அரை நிமிஷம் படம் எடுத்து நண்பர்களுக்கு அனுப்புகிறோம். பாடியவர் பெயர் என்ன? எந்த ஊர்? யாரிடம் பாடம் கேட்டார்? கேட்பதில்லை. அந்தக் குழுவும் இன்னும் பத்து வருஷத்தில் கலையலாம். பின்னணிப் பாட்டுக்காரர் மகன் வேறு வேலைக்குப் போவார். குடம் அடிப்பவருக்கு வயதாகிவிடும். அப்போது நம்மிடம் இருப்பது அந்த அரை நிமிஷம் மட்டும்தான், அதுவும் பெயர் இல்லாமல்!

எனவே தமிழ்த்துறை, வரலாற்றுத்துறை மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். இந்த ஆண்டு ஒவ்வொருவரும் உங்கள் தெருவில் ஒரே ஒரு பாட்டுக்காரரையோ மேளக்காரரையோ தேடிப் போங்கள். அவர் சம்மதத்தோடு ஒரு பாட்டையாவது முழுசாகப் பதிவு செய்யுங்கள். பெயர், ஊர், குருநாதர், தேதி நாலையும் எழுதி வையுங்கள். கட்சிக் கூட்டத்தில் பாடிய பெரியவர்கள் இருந்தால் அவர்களையும் விட்டுவிடாதீர்கள். எந்தக் கட்சி என்று பார்க்க வேண்டாம். கல்லூரி நூலகத்தில் அதற்கு ஓர் அலமாரி ஒதுக்கும் செலவை முன்னாள் மாணவர் சங்கம் ஏற்க வேண்டும் என்பது என் கோரிக்கை. பொதுக்குழுவில் இதை முன்மொழிகிறேன். வழிமொழிய ஆள் வேண்டும்.

ஒரு நல்ல ஆசிரியர் நடத்திய வகுப்பு மணி அடித்ததும் முடிந்துவிடுகிறது. அந்த வகுப்பில் இருந்தவர்கள் போகும் இடமெல்லாம் அந்தப் பாடமும் போகிறது. பாவலர் வரதராஜன் நடத்தியது அப்படி ஒரு வகுப்பு. இனி வானொலியில் ஒரு கிராமத்து மெட்டு கேட்டால், பக்கத்தில் இருக்கும் பிள்ளையிடம் இளையராஜா பெயரோடு அந்த அண்ணன் பெயரையும் ஒரு தடவை சொல்லுங்கள்.

— பழைய மாணவர் ஒருவர், தச்சநல்லூர்